மலையேறிய தேதி

மூணாறுக்கு மேலே ஒரு எஸ்டேட் லயம். கட்டிலுக்கு அடியில் கிடந்த தகர டிரங்குப் பெட்டியை வீட்டில் எல்லோருமாகச் சேர்ந்து வெளியே இழுத்தார்கள். பேரன் பிளஸ் டூ முடித்துவிட்டான். கல்லூரியில் சேரச் சாதிச் சான்றிதழ் வேண்டும். அதைக் கொடுக்க வேண்டிய இடத்தில் கேட்ட கேள்வி ஒன்றே ஒன்றுதான்: குடும்பம் 1950க்கு முன்பே இங்கே இருந்ததற்கு என்ன ஆதாரம்?

பெட்டியிலிருந்து ரேஷன் கார்டு வந்தது. இறந்துபோன தாத்தாவின் பி.எஃப். சீட்டுகள் வந்தன. யூனியன் சந்தா ரசீதுகள், மஞ்சள் படிந்த ஒரு கல்யாணப் பத்திரிகை, கம்பெனி கொடுத்த கம்பளிக்கான துண்டுச் சீட்டு எல்லாம் வந்தன. 1950க்கு முற்பட்டதாக ஒரு காகிதம்கூட வரவில்லை.

"எப்ப வந்தீங்கன்னு கேக்காங்க, ஆச்சி" என்றான் பேரன்.

"நான் எங்கய்யா வந்தேன்? இங்கனதான பொறந்தேன். ஒங்க தாத்தாவும் இங்கனதான்."

ஆச்சிக்கு 78 வயது. 40 வருடம் கொழுந்து எடுத்த கை. அவருடைய மாமனார் கயத்தாறு பக்கத்திலிருந்து கங்காணியின் பின்னால் நடந்து மலையேறியவர். எந்த வருடம் என்பது அவருக்கே தெரிந்திருக்குமா என்பது சந்தேகம். கூலிக்காரரின் பெயர் கங்காணியின் பேரேட்டில் இருந்தது. கூலிக்காரர் கையில் எதுவும் இல்லை.

அந்த லயத்துக் குடும்பத்தைத் திகைக்க வைத்த கேள்வி புதியதல்ல. இதே கேள்வியை வேறு வார்த்தைகளில் இந்த மலையைப் பார்த்து ஒரு முறை தேசமே கேட்டது. அதற்குக் கிடைத்த பதிலை வைத்துத்தான் இரண்டு மாநிலங்களுக்கு நடுவே இங்கே கோடு விழுந்தது.

கண்ணன் தேவன் மலையின் கதையைத் தேயிலைச் செடியிலிருந்து ஆரம்பிப்பது வழக்கம். ஆனால் அதற்கு முன்பும் இங்கே மனிதர்கள் இருந்தார்கள். மலையின் மூத்த குடிகளான முதுவர்கள், தங்கள் முன்னோர் மதுரையிலிருந்து வந்தவர்கள் என்றே மரபு சொல்கிறார்கள். மலைக்கு உரிமை கொண்டாடிய பூஞ்சார் அரச குடும்பமும் தன்னைப் பாண்டியர் வழி என்றே சொல்லிக்கொண்டது. அந்தப் பூஞ்சார் ராஜாதான் 1877ல் இந்த மலைகளை ஜான் டேனியல் மன்றோ என்ற வெள்ளைக்காரருக்குக் குத்தகைக்கு விட்டார். பிறகு தோட்டம் வந்தது. காட்டை வெட்டவும் கொழுந்து எடுக்கவும் ஆள் வேண்டியிருந்தது. கிழக்கே திருநெல்வேலி, மதுரை, ராமநாதபுரம் சீமைகளில் பஞ்சமும் சாதியும் ஆட்களை ஏற்கெனவே தயார் செய்து வைத்திருந்தன.

அன்றைக்கு மலையின் வாசல் கிழக்கே பார்த்திருந்தது. மூணாறிலிருந்து டாப் ஸ்டேஷன் வரை தேயிலை குட்டி ரயிலில் போனது. அங்கிருந்து ரோப் கார் அதைக் கொட்டகுடிப் பக்கம் இறக்கியது. பிறகு போடிநாயக்கனூர் வழியாகத் தூத்துக்குடித் துறைமுகம். அரிசியும் ஆட்களும் இதே வழியாக மேலே வந்தார்கள். 1924ம் வருட வெள்ளம் ரயில் பாதையை அடித்துக்கொண்டு போனது. அது மறுபடி போடப்படவில்லை. டாப் ஸ்டேஷன் இன்று தேனி மாவட்டத்தில் இருக்கிறது. அங்கே நின்று பார்க்கிற சுற்றுலாப் பயணிக்குத் தான் மாநிலம் தாண்டி வந்துவிட்டது பெரும்பாலும் தெரிவதில்லை.

தேவிகுளமும் பீர்மேடும் திருவிதாங்கூர் சமஸ்தானத்தில் இருந்தன. பீர்மேட்டுப் பக்கம் இன்னொரு பழைய காகிதமும் உண்டு. 1886ல் திருவிதாங்கூரும் பிரிட்டிஷ் அரசும் செய்துகொண்ட பெரியாறு குத்தகை ஒப்பந்தம். 8,000 ஏக்கர், ஏக்கருக்கு வருடம் 5 ரூபாய், 999 வருடம். பென்னிகுயிக் கட்டிய அணை 1895ல் முடிந்தது. மேற்கே ஓட வேண்டிய தண்ணீர் மலையைக் குடைந்து கிழக்கே வைகைக்குப் போனது. ஆக, சுதந்திரம் வந்தபோது இந்த மலைகளின் தேயிலை, தண்ணீர், உழைப்பு மூன்றுமே கிழக்கோடு பிணைந்திருந்தன. ஆட்சி மட்டும் மேற்கே இருந்தது.

இந்தப் பொருத்தமின்மையைத்தான் திருவிதாங்கூர் தமிழ்நாடு காங்கிரஸ் அரசியலாக்கியது. 1945ல் நாகர்கோவிலில் முளைத்த அந்த இயக்கத்தைப் பின்னர் மார்ஷல் நேசமணி வழிநடத்தினார். தோவாளை, அகஸ்தீஸ்வரம், கல்குளம், விளவங்கோடு, நெய்யாற்றின்கரை, செங்கோட்டை, தேவிகுளம், பீர்மேடு, சித்தூர் என்று 9 தாலுகாக்களைத் தமிழகத்தோடு சேர்க்க வேண்டும் என்பது கோரிக்கை.

1954 போராட்டத்தின் உச்சம். பட்டம் தாணுப் பிள்ளை தலைமையில் பிரஜா சோஷலிஸ்ட் மந்திரிசபை. தேவிகுளம், பீர்மேட்டில் தமிழ்த் தொழிலாளர்கள் மீது அடக்குமுறை நடப்பதாகப் புகார் எழுந்தது. நேசமணி மலைக்கு வந்து தடையை மீறிக் கைதானார். ஆகஸ்ட் 11 அன்று தெற்கே மார்த்தாண்டத்திலும் புதுக்கடையிலும் போலீஸ் சுட்டது, பலர் இறந்தார்கள். சொந்தக் கட்சியின் மந்திரிசபையே ராஜினாமா செய்ய வேண்டும் என்று ராம் மனோகர் லோகியா சொன்னார். கட்சி உடைந்ததே தவிர மந்திரிசபை உடனே விலகவில்லை.

பஸல் அலி தலைமையில் குன்ஸ்ருவும் கே.எம். பணிக்கரும் உறுப்பினர்களாக இருந்த மாநில மறுசீரமைப்புக் கமிஷன் 1955 செப்டம்பரில் அறிக்கை கொடுத்தது. தெற்கே 4 தாலுகாக்களும் செங்கோட்டையும் சென்னை மாநிலத்துக்கு என்றது. செங்கோட்டையில் ஒரு பகுதிதான் கடைசியில் வந்து சேர்ந்தது. தேவிகுளமும் பீர்மேடும் வரவில்லை. தேவிகுளத்தில் தமிழ் பேசுவோரே அதிகம் என்பதைக் கமிஷன் மறுக்கவில்லை. ஆனால் அவர்கள் தோட்ட வேலைக்காக வந்து போகிறவர்கள், நிலையாகக் குடியிருப்பவர்கள் அல்ல என்ற வாதத்துக்கு அது எடை கொடுத்தது. மலையின் பொருளாதாரம் மேற்கே உள்ள மாநிலத்துக்கு அவசியம் என்பது இன்னொரு காரணம். அதிலும் நியாயம் இல்லாமல் இல்லை. பள்ளிவாசல் மின் நிலையம் 1940லிருந்து ஓடிக்கொண்டிருந்தது. திருவிதாங்கூரின் விளக்குகள் எரிந்தது இந்த மலையின் தண்ணீரில்.

1956 நவம்பர் 1ல் கன்னியாகுமரி மாவட்டம் பிறந்தது, கேரளமும் பிறந்தது. "மேடாவது குளமாவது" என்று காமராசர் சொல்லிவிட்டதாகத் தமிழக மேடைகளில் இன்றும் பேசுகிறார்கள். மேடைகளுக்கு அது ஒரு தலைவரைத் திட்டவோ தற்காக்கவோ பயன்படுகிற வாசகம். மலையில் இருந்தவர்களுக்கு நடந்தது வேறு. "நீங்கள் வந்து போகிறவர்கள்" என்று ஒரு அரசாங்க அறிக்கை அவர்களைப் பற்றி எழுதிவைத்துவிட்டது.

கேட்ட 9 தாலுகாக்களில் கடைசியாகச் சொன்ன சித்தூர் மலையில் இல்லை. வடக்கே வெகு தூரத்தில், பாலக்காட்டுக் கணவாயில் இருக்கிறது. கொச்சி சமஸ்தானத்தின் கிழக்குத் துண்டு அது. பக்கத்தில் பாலக்காடு, மலபார் ஜில்லாவின் பகுதியாக 1956 வரை சென்னை மாநிலத்தில்தான் இருந்தது. சித்தூரும் தமிழகத்துக்கு வரவில்லை. ஆனால் அங்கே யாரும் டிரங்குப் பெட்டியைக் குடைந்துகொண்டு உட்கார்ந்திருக்கவில்லை.

வேலந்தாவளம், கொழிஞ்சாம்பாறை, எருத்தேன்பதி, மீனாட்சிபுரம், கோவிந்தாபுரம். பெயர்ப் பலகையின் எழுத்தை வைத்துத்தான் மாநிலம் மாறியது தெரியும். மேற்கே பச்சை வயல் என்றால், இங்கே கரிசல் மண்ணும் பனைமரமும் தென்னையும். மழையும் கோயம்புத்தூர் மாதிரி கஞ்சத்தனமான மழைதான். வீட்டில் பேசுவது கொங்குத் தமிழ், அதில் மலையாளம் ஊறியிருக்கும். சந்தை பொள்ளாச்சியில், கலெக்டர் ஆபீஸ் பாலக்காட்டில். பெண் எடுப்பதும் கொடுப்பதும் இரண்டு பக்கமும். சாயங்காலம் கள் குடிக்கக் கிழக்கேயிருந்து மேற்கே ஒரு கூட்டம் தினமும் எல்லை தாண்டும்.

இங்கே சண்டை மண்ணுக்கு இல்லை, தண்ணீருக்கு. பரம்பிக்குளம் - ஆழியாறு ஒப்பந்தம் 1970ல் கையெழுத்தாகி, 1958லிருந்தே அமலில் இருப்பதாக எடுத்துக்கொள்ளப்பட்டது. பரம்பிக்குளம் அணை இருப்பது கேரள மண்ணில்; பராமரிப்பது தமிழ்நாடு. அந்த ஊருக்குச் சாலை வழியாகப் போக வேண்டும் என்றால் பாலக்காட்டுக்காரரும் தமிழ்நாட்டுக்குள் புகுந்து சேத்துமடை, டாப் ஸ்லிப் வழியாகத்தான் போக வேண்டும். பதிலுக்கு மணக்கடவில் வருடத்துக்கு 7.25 டி.எம்.சி. தண்ணீர் சித்தூர் ஆயக்கட்டுக்கு விட வேண்டும். கோடையில் அது குறைந்தால் விவசாயிகள் ரோட்டில் உட்காருகிறார்கள். தமிழ்நாட்டு அரசாங்கத்தை எதிர்த்துக் கோஷம் போடுகிற அந்தக் கூட்டத்தில் தமிழ் பேசுகிறவர்களும் இருப்பார்கள். மொழி ஒரு பக்கம், வாய்க்கால் இன்னொரு பக்கம் என்று வந்தால் விவசாயி வாய்க்கால் பக்கம்தான் நிற்பான்.

சித்தூர்த் தமிழருக்குக் குறைகள் உண்டு. தமிழ்ப் பள்ளிக்கு ஆசிரியர் கிடைப்பதில்லை, அரசாங்கப் படிவம் தமிழில் கிடைப்பதில்லை. 1969ம் வருட கேரள ஆட்சிமொழிச் சட்டம் தமிழிலும் அரசுக்கு எழுதலாம் என்கிறது. எழுதிவிட்டுப் பதிலுக்குக் காத்திருப்பது தனிக் கதை. ஆனாலும் "நீ எப்போது வந்தாய்?" என்று அங்கே நிலம் வைத்திருக்கிற விவசாயியை யாரும் கேட்பதில்லை. அவர் பெயரில் பட்டா இருக்கிறது. தாத்தா பெயரில் வரி ரசீது இருக்கிறது. கோயில் திருவிழாவில் அவர் குடும்பத்துக்கு ஒரு முறை இருக்கிறது. நிலம் இருப்பவனுக்கு வந்த தேதி தேவைப்படுவதில்லை.

மலையில் நடந்ததை இந்த வெளிச்சத்தில்தான் பார்க்க வேண்டும். 1955 வாக்கில் பட்டம் தாணுப் பிள்ளையின் அரசு மலைப் பகுதியில் குடியேற்றத் திட்டம் ஒன்றைத் தொடங்கியது. நெடுங்கண்டம், கல்லாறு பக்கத்தில் பட்டம் காலனி என்ற பெயர் இன்றும் இருக்கிறது. சமவெளியிலிருந்து மலையாளிக் குடும்பங்கள் வந்தன, நிலம் கொடுக்கப்பட்டது. எல்லைச் சண்டைக்கு நடுவே ஜனத்தொகைக் கணக்கை மாற்றத்தான் இந்தத் திட்டம் என்று தமிழர்கள் குற்றம் சாட்டினார்கள்.

வந்தவர்கள் ஜமீன்தார்கள் அல்ல. அவர்களும் நிலமில்லாத ஏழைகள். யானையோடும் மலேரியாவோடும் மல்லுக்கட்டியவர்கள். குடியேறியவர்களில் எல்லோருக்கும் பாதுகாப்பும் கிடைக்கவில்லை. 1961ல் இடுக்கி நீர்மின் திட்டத்துக்காக அய்யப்பன்கோவிலில் ஆயிரக்கணக்கானவர்களை வெளியேற்றிக் குமுளிக்குப் பக்கத்தில் கொண்டு போய்க் கொட்டியபோது, ஏ.கே. கோபாலன் அமராவதியில் உண்ணாவிரதம் இருந்துதான் அவர்களுக்கு நியாயம் கேட்க வேண்டியிருந்தது. ஆனால் குடியேறிய விவசாயிக்குப் பின்னால் கட்சிகளும் சபைகளும் நின்றன. 1977 ஜனவரி 1க்கு முன் குடியேறியவர்களுக்குப் பட்டா என்பது கேரள அரசின் கொள்கையாகவே ஆனது.

இரண்டு தேதிகளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கலாம். நிலத்துக்குத் தேதி 1977. பட்டியல் சாதிச் சான்றுக்குத் தேதி 1950. அந்த வருடம் ஆகஸ்ட் 10ல்தான் பட்டியல் சாதிகள் பற்றிய ஜனாதிபதி உத்தரவு வந்தது. அதற்குப் பிறகு வேறு மாநிலத்திலிருந்து வந்தவருக்கு வந்த இடத்தில் சலுகை இல்லை என்பது சட்டம். அது இந்த மலைக்காக எழுதப்பட்டதும் அல்ல, நாடு முழுவதற்கும் பொது. ஆனால் தோட்டத் தொழிலாளி கையில் காகிதம் வர ஆரம்பித்ததே அதற்கப்புறம்தான். தோட்டத் தொழிலாளர் சட்டம் 1951ல் வந்தது. பி.எஃப். சட்டம் 1952ல் வந்தது. முதல் பொதுத் தேர்தல் 1951-52ல் நடந்தது. ஆச்சியின் பெட்டி ஏன் 1950க்குப் பிறகு ஆரம்பிக்கிறது என்பதற்கு இதற்கு மேல் விளக்கம் வேண்டியதில்லை.

நிலம் கிடைக்க ஒரு வாய்ப்பு வந்ததுபோல் இருந்தது. 1971ல் கேரள அரசு கண்ணன் தேவன் மலைகளை மீட்கச் சட்டம் கொண்டு வந்தது. விவசாய மக்களின் நலனுக்காக என்று சொன்னது. கடைசியில் சுமார் 57,000 ஏக்கர் கம்பெனியிடமே இருந்தது. லயத்தில் ஒரு அறை, ஒரு அடுப்படி, ஒரு திண்ணை. வேலை இருக்கும்வரை வீடு. 58 வயதில் ஓய்வு பெற்றால் மகனோ மருமகளோ அதே எஸ்டேட்டில் பேர் பதிந்தால்தான் அந்தக் கூரை நிற்கும். பிள்ளை படித்து வேறு வேலைக்குப் போனால் பெற்றவர்களுக்கு வீடு போகும். 1955ல் கமிஷன் சொன்னது ஒருவேளை அன்றைக்குத் தவறாக இருந்திருக்கலாம். அதற்குப் பிறகு வந்த ஒவ்வொரு அரசும் அதைச் சரியாக்கிக் காட்டியது.

தமிழகமும் இவர்களை மறந்தது. 4 தாலுகாக்கள் கிடைத்த பின் தமிழ்நாடு காங்கிரஸ் கலைந்து தாய்க் கட்சியில் கரைந்தது. மலையை எட்டிப் பார்த்தது இடதுசாரிகள்தான். 1958ல் தேவிகுளத்தில் நடந்த இடைத்தேர்தலில் கம்யூனிஸ்ட் வேட்பாளர் ரோசம்மா புன்னூஸுக்காக எஸ்டேட் எஸ்டேட்டாகத் தமிழில் பாடிப் பிரசாரம் செய்தவர் பண்ணைப்புரத்துப் பாவலர் வரதராஜன், இளையராஜாவின் அண்ணன். மலையாளி வேட்பாளர் தமிழ்த் தொழிலாளர் ஓட்டில் ஜெயித்தார். எல்லைக் கோடு விழுந்து இரண்டு வருடத்துக்குள் மலையின் அரசியல் மொழியிலிருந்து கூலிக்கு நகர்ந்துவிட்டது. தொழிற்சங்கம் வலுத்தது. கூலி கொஞ்சம் உயர்ந்தது. வீடும் நிலமும் பேச்சிலேயே நின்றன.

மொழிச் சண்டை அதோடு செத்துவிடவில்லை, உறங்கிக் கிடந்தது. 2011 டிசம்பரில் முல்லைப் பெரியாறு அணை உடையும் என்ற பயம் மேற்கே கிளப்பிவிடப்பட, தண்ணீர் போய்விடும் என்ற பயம் கிழக்கே பற்றிக்கொண்டது. குமுளியிலும் கம்பத்திலும் கூட்டம் திரண்டது. போடிமெட்டு, கம்பம்மெட்டு வழியாகத் தினமும் விடியற்காலையில் ஜீப்பில் ஏலத் தோட்டங்களுக்குப் போய்ச் சாயங்காலம் திரும்பும் பெண்களின் பிழைப்பு நின்றது. மேலே தங்கியிருந்தவர்களில் பலர் மூட்டை முடிச்சோடு மலையிறங்கினார்கள். இடுக்கியைத் தமிழ்நாட்டோடு சேர்க்கச் சொல்லும் குரல் மறுபடி கேட்டது. சில வாரங்களில் அடங்கியது. அணை விவகாரம் 2014 மே மாதம் சுப்ரீம் கோர்ட்டில் 142 அடி என்று தீர்ப்பானது. ஜீப்புகள் மறுபடி ஓடின. இரண்டு பக்கத்துக் கோஷங்களும் மலையைப் பற்றியவை. மலையில் இருப்பவர்கள் எந்தப் பக்கக் கோஷத்திலும் இல்லை.

அவர்களாகவே பேசியது 2015 செப்டம்பரில். போனஸைக் குறைத்ததை எதிர்த்து ஆயிரக்கணக்கான தோட்டப் பெண்கள் மூணாறு நகரத்தை மறித்து உட்கார்ந்தார்கள். சங்கத் தலைவர்களைப் பக்கத்தில் வரவிடவில்லை. 'பெண்பிள்ளை ஒற்றுமை' என்று தங்களுக்குப் பெயர் வைத்துக்கொண்டார்கள். பேசிய மொழி தமிழ். கேட்டது மாநிலம் அல்ல, கூலியும் கௌரவமும். கேரளம் முழுக்க அவர்களைத் திரும்பிப் பார்த்தது. 20 சதவீத போனஸ் கிடைத்தது.

2020 ஆகஸ்ட் 6 இரவு ராஜமலைக்குப் பக்கத்தில் பெட்டிமுடியில் மலை சரிந்தது. 4 லயங்கள் மண்ணுக்குள் போயின. 70 உயிர்கள். பெரும்பாலோர் கயத்தாறு வேர் கொண்ட குடும்பங்கள். கொரோனாவுக்காக எல்லையில் பாஸ் கேட்ட நேரம். கிழக்கேயிருந்து சொந்தக்காரர்கள் அனுமதி வாங்கிக்கொண்டு மலையேற வேண்டியிருந்தது. இறந்தவர்களை அங்கேயே வரிசையாகப் புதைத்தார்கள். உயிர் தப்பிய சில குடும்பங்களுக்கு மூணாறுக்குப் பக்கத்தில் நிலத்தோடு வீடு கட்டிக் கொடுத்தார்கள். நான்கு தலைமுறை உழைப்புக்குக் கிடைக்காத சில சென்ட் நிலம், ஒரு குடும்பமே மண்ணில் புதைந்த பிறகு கிடைத்தது.

மறு வருடம், 2021 மே மாதம், தேவிகுளம் எம்.எல்.ஏ. ஏ. ராஜா கேரள சட்டசபையில் தமிழில் உறுதிமொழி எடுத்தார். வாசகத்தில் குறை இருந்ததாகச் சொல்லி ஒரு முறை திரும்பவும் எடுக்க வைத்தார்கள். தமிழிலேயே எடுத்தார். ஆனால் அவரையும் அந்தக் கேள்வி விடவில்லை. தனித் தொகுதியில் நிற்க அவருக்குத் தகுதி இல்லை என்று வழக்கு. அவர் குடும்பம் கிறிஸ்தவக் குடும்பம் என்பதற்கு சர்ச் பதிவேடுகளைக் காட்டினார்கள். அவருடைய தாத்தா பாட்டி 1950க்கு முன்பே இங்கே குடியேறியவர்களா என்பதும் விவாதமானது. 2023 மார்ச்சில் கேரள ஹைகோர்ட் தேர்தல் செல்லாது என்றது. 2025 மே மாதம் சுப்ரீம் கோர்ட் அந்தத் தீர்ப்பை ரத்து செய்து அவர் வென்றது செல்லும் என்றது. சட்டசபைக்குப் போனவர் கேள்விக்குப் பதில் தேட வக்கீல் வைக்க முடிந்தது, டில்லி வரை போக முடிந்தது.

லயத்துப் பையனுக்கு அந்த வசதி இல்லை. யாரோ ஒருவர் யோசனை சொன்னார்: மூணாறு சர்ச்சுகளில் பழைய பதிவேடுகள் இருக்கின்றன, நூறு வருடத்துக்கு முந்தியவைகூட. தாத்தாவின் அப்பா பெயர் ஒருவேளை அதில் இருக்கலாம். வீட்டில் எல்லோரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். அந்தப் பெயர் அங்கே இருந்தால் வந்த தேதி நிரூபணமாகும். அதே காகிதம் இந்துப் பறையர் என்ற சான்றை அடித்துவிடும். தேடாமலே விட்டார்கள்.

கடைசியில் ஒரு பழைய வழி எஞ்சியிருந்தது. எஸ்டேட் ஆபீஸில் யாராவது பழைய மஸ்டர் புத்தகத்தைப் புரட்டி ஒரு கடிதம் எழுதிக் கொடுத்தால், அக்கம்பக்கத்தில் வயதான இரண்டு பேர் வந்து சாட்சி சொன்னால், ஒருவேளை நடக்கலாம். வயதான இரண்டு பேரைத் தேடும்போதுதான் தெரிந்தது, பலர் ஓய்வு பெற்றுக் கிழக்கே இறங்கிப் போய்விட்டார்கள். அங்கே கயத்தாறுப் பக்கத்தில் அவர்களை 'மூணாறுக்காரங்க' என்கிறார்கள்.

ஆச்சி பெட்டியை மூடினார். கல்யாணப் பத்திரிகையை மட்டும் எடுத்துப் பேரனிடம் கொடுத்தார். 1965ம் வருடம், மூணாறில் அச்சடித்தது. மாப்பிள்ளை ஊர் என்ற இடத்தில் ஒரு எஸ்டேட்டின் பெயரும் டிவிஷன் பெயரும் இருந்தன.

"இதுல ஒங்க தாத்தா ஊரு போட்டிருக்கு பாரு. இதக் கொண்டுபோய்க் காமி."

இது செல்லாது என்று பேரனுக்குத் தெரியும். ஆனாலும் மடிக்காமல், ஒரு நோட்டுப் புத்தகத்துக்குள் வைத்து எடுத்துக்கொண்டான்.